ஏட்டில் ஏறாத செலவு

நெசவாளர் கூட்டுறவுச் சங்கமொன்றின் ஆண்டுக் கணக்கை அண்மையில் நாம் பார்வையிட்டுக் கொண்டிருந்தபோது, நெடுங்காலமாகத் தறியில் அமர்ந்து வரும் முதிய அங்கத்தினர் ஒருவர் நம்மை அணுகினார். "பருத்தி நூல் செடியிலிருந்து வருகிறது, பட்டு நூல் புழுவிடமிருந்து வருகிறது. இந்த ரேயான் நூல் எதிலிருந்து வருகிறது, ஐயா?" என்று வினவினார். "மரத்திலிருந்து வருகிறது, பெரியவரே" என்றோம். அவர் சற்று யோசித்துவிட்டு, "எந்தக் காட்டு மரம்? அதற்கு விலை வாங்கினவர் யார்?" என்று மீண்டும் கேட்டார். கொள்முதல் ஏட்டில் நூலின் நம்பரும், சிட்டங்களின் எண்ணிக்கையும், விலையும் ஒழுங்காக எழுதப்பட்டிருந்தன. அவர் கேட்டதற்கு மட்டும் அதில் விடை இல்லை. கணக்குப் பார்க்கச் சென்ற நமக்கு அது ஒரு குறையாகவே பட்டது. அக்குறையை இயன்ற அளவு நீக்கவே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

இவ்வினா நெசவாளருக்கு மட்டும் உரியதன்று. மலையில் மரம் வெட்டப்படுவதும், மலைப் புல்வெளியில் அயல்நாட்டு மரம் நடப்படுவதும், கீழே ஆற்றுப் பாசனத்தை நம்பியிருக்கும் விவசாயியின் மடையைத் தொடும் விஷயங்களாகும். ஆகவே இருசாரார்க்கும் பொதுவான இப்பத்திரிகையில் இதனைப் பேசுவது பொருந்தும் எனக் கருதுகிறோம்.

மரம் நூலாகும் விதம்

பருத்தியிலும் மரத்திலும் மூங்கிலிலும் உடலாக அமைந்துள்ள நார்ப்பொருள் ஒன்றே. அதற்குச் செல்லுலோஸ் என்று பெயர். பருத்தியில் அது ஏறக்குறையத் தூய நிலையிலேயே கிடைத்துவிடுகிறது. மரத்திலோ லிக்னின் என்னும் பிசின் போன்ற பொருளுடன் இறுகப் பிணைந்திருக்கிறது. மரத்தைச் சிறு சில்லுகளாக வெட்டி, காரமோ அமிலமோ சேர்த்து, பெரிய கொதிகலங்களில் மிகுந்த அழுத்தத்தில் வேக வைத்தால் பிசின் கரைந்து கருநீராக வெளியேறும். நார் கூழாக நிற்கும். தாள் செய்வதற்கு வேண்டிய கூழைவிட ரேயானுக்கு வேண்டிய கூழ் மிகவும் தூயதாக இருத்தல் வேண்டும். ஆதலால் மரத்தின் எடையில் பாதிக்கும் குறைவான பங்கே ரேயான் கூழாகத் தேறுகிறது. மிகுந்ததைச் சரியாக எரித்து ரசாயனங்களை மீட்டுக்கொள்ளும் ஆலைகள் உண்டு. அதற்கான செலவுக்கு அஞ்சி ஆற்றில் விட்ட ஆலைகளும் உண்டு.

இக்கூழைத் தகடுகளாக்கிக் காஸ்டிக் சோடாவில் ஊற வைத்து, பிழிந்து, துருவி, கார்பன் டைசல்பைடு என்னும் திரவத்துடன் கலக்கினால் அது ஆரஞ்சு நிறம் அடையும். பின்னர் மெல்லிய காரநீரில் அதனைக் கரைக்கத் தேன் போன்ற பாகு கிடைக்கும். இப்பாகுக்கே விஸ்கோஸ் என்பது பெயர். 1892-ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் கண்டுபிடிக்கப்பட்ட முறை இது. நுண்ணிய துளைகளின் வழியே இப்பாகினைக் கந்தக அமிலத் தொட்டிக்குள் செலுத்தினால் இழையாக உறையும். நீண்ட இழையாகவே சுற்றி எடுத்தால் செயற்கைப் பட்டு நூல். சிறு துண்டுகளாக வெட்டிப் பஞ்சைப்போல் நூற்றால் ஸ்டேபிள் நூல். அமிலமும், துத்தநாக உப்பும், கந்தக வாயுக்களும் இவ்வேலையின் கழிவுகள். கார்பன் டைசல்பைடு காற்றை நெடுங்காலம் சுவாசிப்பவர்களுக்கு நரம்புத் தளர்ச்சியும் இருதய நோயும் உண்டாகும் என்பது மருத்துவ உலகம் பன்னெடுங்காலமாக அறிந்த உண்மை.

இத்தொழிலைப் பழிப்பது நம் நோக்கமன்று. உலகில் உடை வேண்டுவோர் பலர். அனைவருக்கும் வேண்டிய பருத்தியை விளைவிக்கப் போதிய நிலம் இல்லை. தாளின்றிப் பள்ளிக்கூடமும் இல்லை, சங்கத்தின் பேரேடும் இல்லை. ஆனால் எத்தொழிலாயினும் அதன் செலவை அதுவே ஏற்க வேண்டும் என்பது கணக்கியலின் முதற்பாடம். மரத்தொழில் பெருகிய இடங்களில் அவ்வாறு நடந்ததா என்பதே வினா.

நிலம்பூர் மூங்கில்

கேரளத்தில் கோழிக்கோட்டை அடுத்த மாவூரில், சாலியாற்றங்கரையில், குவாலியர் ரேயான்ஸ் நிறுவனத்தின் கூழ் ஆலை அமைந்தது. 1958-ஆம் ஆண்டில் மாநில அரசாங்கத்துடன் ஒப்பந்தம் ஏற்பட்டது. 1963-இல் உற்பத்தி தொடங்கியது. புதிய மாநிலத்தில் தொழில் வளர வேண்டும், இளைஞர்களுக்கு வேலை கிடைக்க வேண்டும் என்ற நியாயமான ஆவல் அவ்வொப்பந்தத்தின் பின்னே இருந்தது. எனினும் அதில் கண்ட ஒரு விதி பின்னாளில் நாடெங்கும் பேசப்பட்டது. நிலம்பூர்க் காடுகளின் மூங்கிலை டன் ஒன்றுக்கு ஒரு ரூபாய் வீதம் ஆலைக்குத் தர அரசாங்கம் இசைந்திருந்தது. பத்து டன் ஏற்றிய ஒரு லாரிக்குக் காடு பெற்ற விலை பத்து ரூபாய்.

மூங்கில் புல்லினத்தைச் சேர்ந்தது. ஆண்டுதோறும் மழைக்காலத்தில் தூரிலிருந்து புதிய முளைகள் கிளம்பும். முற்றியதை வெட்டி இளையதை விட்டால் அத்தூர் பல்லாண்டு பயன் தரும். பல பத்தாண்டுகளுக்கு ஒருமுறை பூத்து, மூங்கிலரிசியைச் சொரிந்துவிட்டுத் தூரோடு மடியும். அவ்வரிசியிலிருந்து புதிய தலைமுறை முளைத்து ஆளாவதற்குப் பல்லாண்டுகள் செல்லும். இந்த இயற்கைக் கதிக்கு ஏற்ப வெட்டினால் மூங்கில் வற்றாத செல்வம். ஆலையின் பசிக்கு ஏற்ப வெட்டினால் அது வெகுகாலம் நில்லாது. மலிவாகக் கிடைக்கும் பொருளைச் சிக்கனமாகச் செலவிட எவர்க்கும் மனம் வராது என்பதை நாம் அன்றாடம் காண்கிறோம். மூங்கில் குறையவே, யூகலிப்டஸ் மரங்களை ஆலை நாடியது; அதன் பொருட்டு இயற்கைக் காடுகள் திருத்தப்பட்டு யூகலிப்டஸ் தோட்டங்கள் போடப்பட்டன.

அக்காடுகளில் சோழநாய்க்கர், காட்டுநாய்க்கர், பணியர் முதலிய பழங்குடியினர் வாழ்கின்றனர். வீட்டிற்குக் கூரை, சாமான்களுக்குக் கூடை, பசிக்கு முளைக்குருத்து, பூத்த காலத்தில் அரிசி என்று மூங்கில் அவர்களுக்குப் பலவகையில் உதவியது. யானைக்கோ அது நாள்தோறும் வேண்டிய தீனி. மூங்கில் அழிந்த காட்டில் யானைக்கு இரை குறையும். அது வாழைத் தோட்டத்தையும் நெல் வயலையும் நாடி இறங்கும். அந்நிலையில் காவல் பரணில் கண்விழிக்கும் விவசாயியின் இரவும், மிதிபட்ட பயிரும் கூழ் ஆலையின் எந்த ஏட்டிலும் பற்று எழுதப்படுவதில்லை.

ஆற்றின் கதை இதனினும் துயரமானது. கழிவு கலந்து சாலியாறு நிறம் மாறியது. மீன்கள் செத்து மிதந்தன. மீனவர் தொழில் இழந்தனர். அக்கரையில் உள்ள வாழக்காடு மக்கள், ஊராட்சித் தலைவராக விளங்கிய கே. ஏ. ரஹ்மான் அவர்களின் தலைமையில் பல்லாண்டுகள் கிளர்ச்சி செய்தனர். அவர் 1999-இல் புற்றுநோயால் காலமானார். அதே ஆண்டில் ஆலையும் இயக்கத்தை நிறுத்தியது. பின்னர் நிரந்தரமாகவே மூடப்பட்டது.

இங்கே மற்றொரு பக்கத்தையும் நேர்மையாகக் கூற வேண்டும். 1985 முதல் 1988 வரை தொழில் தகராறினால் அவ்வாலை மூடிக் கிடந்தபோது ஏறத்தாழ 3,000 தொழிலாளர் குடும்பங்கள் வறுமையில் வாடின. தொழிலாளர் சிலர் தம் உயிரையே மாய்த்துக்கொண்டனர். ஆற்றுக்காகப் போராடியவர்களும் ஆலைக்காகப் போராடியவர்களும் ஒரே ஊரின் ஏழைகள். மலிவு மூங்கிலின் மேல் எழுப்பிய தொழில், இறுதியில் காட்டையும் காக்கவில்லை, கூலியாளையும் காக்கவில்லை.

கூடை முடைவோர் கண்டது

கர்நாடகத்தின் வட கன்னட மாவட்டத்திலும் இதையொத்த வரலாறு நிகழ்ந்தது. அங்கே தாண்டேலியில் 1950-களின் இறுதியில் ஒரு பெரிய காகித ஆலை எழுந்தது. அவ்வாலைக்கு மூங்கில் டன் ஒன்றுக்கு ரூ. 1.50 வீதம் தரப்பட்டது என்றும், வெளிச் சந்தையில் அப்பொருள் ரூ. 1,500 அளவில் விலைபோயிற்று என்றும் சூழலியல் அறிஞர் மாதவ காட்கில் எடுத்துக் காட்டியுள்ளார். வெளிச் சந்தையில் வாங்கியவர் யார்? கூடையும் முறமும் பாயும் முடைந்து வயிறு வளர்க்கும் மேதரர் என்னும் கைவினைஞரும் அவர்களுள் அடங்குவர். ஆயிரம் மடங்கு விலை வேற்றுமை! கைத்தறிக்குக் கதிர் நூல் கிடைக்காமல் திண்டாடிய காலத்தை அறிந்த நம் நெசவாளர்களுக்கு இதன் பொருளை விளக்க வேண்டுவதில்லை.

மூங்கில் விரைந்து குறையவே, மாநில அரசாங்கத்தின் வேண்டுகோளின் பேரில் 1970-களில் காட்கிலும் அவருடன் உழைத்தவர்களும் ஆராய்ந்தனர். ஆடுமாடு மேய்ப்போரும் கூடை முடைவோருமே அழிவுக்குக் காரணம் என்று அதுவரை கூறப்பட்டு வந்தது. ஆராய்ச்சியில் வேறு உண்மை வெளியாயிற்று. மூங்கில் தூரின் அடியில் முட்கிளைகள் வேலிபோல் பின்னிக் கிடக்கும். வெட்டுவதற்கு வசதியாகவும், தூர் நன்றாகத் தழைக்கும் என்ற எண்ணத்தினாலும் அம்முட்களை அப்புறப்படுத்தி வந்தனர். முள் நீங்கியதும் இளங்குருத்துகளைக் கால்நடையும், குரங்கும், முள்ளம்பன்றியும் தின்று தீர்த்தன. கிராமத்தார் வெட்டும்போது அம்முள்வேலியைக் கலைப்பதில்லை. மேலும், காட்டில் எவ்வளவு மூங்கில் உள்ளது என்று ஆலைக்காகப் போட்ட மதிப்பீடே உண்மைக்கு மிக அதிகமாக இருந்தது. இருப்பைத் தவறாகக் குறித்துவிட்டு அதன்மீது ஒப்பந்தம் எழுதினால் முடிவு என்னவாகும் என்பதைச் சங்கக் கிடங்குப் பொறுப்பாளர் எவரும் சொல்லிவிடுவர்.

அருகிலுள்ள காடு தீர்ந்ததும் ஆலைகள் தூரக் காடுகளை நாடின. அவையும் தீர்ந்ததும் விவசாயிகளின் நிலத்தில் விளையும் யூகலிப்டஸ், சவுக்கு மரங்களை நாடின. ஆலைக்கு இவ்வாறு இடம் மாற வழி உண்டு. மேதரருக்கு அவ்வழி இல்லை.

நீலகிரிப் புல்வெளி

இனி நம் மாநிலத்துக்கு வருவோம். நீலகிரி, பழனி மலைகளின் உச்சிகளில் பள்ளங்களில் சோலையும் மேடுகளில் புல்லுமாக ஒரு நிலம் உண்டு. இப்புல்வெளியைத் தரிசென்று நினைத்தது பெரும் பிழை. மழைநீரை உறிஞ்சி வைத்துக்கொண்டு கோடையில் மெல்ல மெல்ல ஓடைக்கு விடும் பஞ்சு மெத்தை அது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியிலேயே வெள்ளையர் விறகுக்காக ஆஸ்திரேலியாவிலிருந்து யூகலிப்டஸையும், வாட்டில் எனப்படும் சீகை மரத்தையும் கொணர்ந்தனர். நாடு விடுதலை பெற்ற பின்னர்த் தோல் பதனிட வேண்டிய வாட்டில் பட்டைக்காகவும், கூழுக்கு வேண்டிய மரத்துக்காகவும் புல்வெளிகளில் இவை பெருமளவில் நடப்பட்டன. சிறுமுகையில் பவானிக் கரையில் அமைந்த விஸ்கோஸ் ஆலை இம்மரங்களைக் கொண்டே நடந்தது.

நீரின் கணக்கைச் சோதித்தவர்கள் உளர். உதகமண்டலத்தில் உள்ள மத்திய மண்வள, நீர்வளப் பாதுகாப்பு ஆராய்ச்சி நிலையத்தார், கிளென்மார்கனில் அடுத்தடுத்த இரு சிறு நீர்ப்பிடிப்புகளை எடுத்துக்கொண்டு, 1968 முதல் ஓடையில் வரும் நீரை அளந்தனர். ஒன்றைப் புல்லும் சோலையுமாகவே விட்டனர். மற்றொன்றில் 1972-ஆம் ஆண்டில் ஏறத்தாழ 59 சதவீதப் பரப்பில் யூகலிப்டஸ் நட்டனர். பத்தாண்டு முதற்சுற்றில் நட்ட பகுதியின் நீர்வரத்து சுமார் 16 சதவீதம் குறைந்தது. மரத்தை வெட்டியபின் அடிக்கட்டையிலிருந்து தழைத்த இரண்டாம் சுற்றில் குறைவு சுமார் 25 சதவீதமாயிற்று. மழையற்ற மாதங்களின் ஊற்று நீரிலோ குறைவு இன்னும் கடுமையாக இருந்தது. வேர் ஆழமாகச் செல்வதும், ஆண்டு முழுதும் இலை பசுமையாக இருந்து நீரை ஆவியாக்குவதும் இதற்குக் காரணம்.

நீலகிரியின் ஓடைகள் மோயாற்றுக்கும் பவானிக்கும் நீர் தருகின்றன. 1955-இல் கட்டி முடிந்த கீழ்பவானி அணையை நம்பி ஏறத்தாழ 2 லட்சம் ஏக்கர் நிலம் இருக்கிறது. கோடையில் மலையூற்று மெலிந்தால் அதன் விளைவு கடைமடை விவசாயியின் முறைப்பாசனத்தில் தெரியும். ஆற்றங்கரை ஆலையின் கழிவு பற்றியும் 1990-களில் பவானிக் கரை மக்களிடையே கடும் எதிர்ப்பு எழுந்தது. அவ்வாலை மூடப்பட்டுப் பல்லாண்டுகள் ஆகின்றன. ஆனால் அதற்கெனப் பரவிய வாட்டில் மரம் மூடப்படவில்லை. அதன் விதை நெடுங்காலம் மண்ணில் கிடந்து முளைக்கும் ஆற்றலுடையது. பழனி மலைகளைப் பற்றி 2018-இல் வெளிவந்த ஓர் ஆய்வு, நாற்பது ஆண்டுகளில் அம்மலைப் புல்வெளியின் மூன்றில் இரு பங்கு மரத்தோட்டங்களாகவும் விளைநிலமாகவும் மாறிவிட்டதென்று செயற்கைக்கோள் படங்களைக் கொண்டு காட்டுகிறது.

இப்புல்வெளியின் மேல் தம் வாழ்வையே அமைத்துக்கொண்டவர்கள் தோடர்கள். எருமை அவர்களுக்குச் செல்வம்; பால்மனை அவர்களுக்குக் கோயில். அக்கோயிலின் கூரை வேய்வதற்குரிய புல்லும், எருமை மேயும் புல்லும் மரத்தோட்டத்தின் நிழலில் வளர்வதில்லை. மேய்ச்சல் சுருங்கியதால் மந்தைகளும் சுருங்கின. தோடப் பெண்கள் பருத்தித் துணியின்மேல் சிவப்பும் கறுப்புமாக இடும் பூவேலைக்கு 2013-இல் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது. ஊசியும் நூலும் பிழைத்தன என்று நாம் மகிழலாம். எருமையையும் புல்லையும் இழந்தபின் அப்பூவேலை எந்த வாழ்க்கையின் அழகைச் சொல்லும் என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும்.

முதலைத் தின்னும் இலாபம்

கூட்டுறவுச் சட்டத்தில் ஒரு விதி உண்டு. நிகர இலாபத்திலிருந்துதான் பங்குத்தொகைக்கு இலாப ஈவு தரலாம். மூலதனத்திலிருந்து எடுத்துத் தரலாகாது. தறிக்கும் கட்டடத்துக்கும் ஆண்டுதோறும் தேய்மானம் கழிக்க வேண்டும். இவ்விதிகளை மீறிய சங்கம் சில ஆண்டுகள் செழிப்பாகத் தோன்றும். பின்னர் ஒருநாள் கலைப்பு அதிகாரியின் கைக்குப் போகும்.

காட்டுக்கும் இதுவே கணக்கு. நிற்கும் மரம் மூலதனம். ஆண்டுதோறும் வளர்வது வட்டி. வட்டியை எடுப்பது முறை. மூலதனத்தையே வெட்டி, அதனை வருவாய் என்று எழுதுவது தவறு. நிலம்பூரிலும் வட கன்னடத்திலும் நீலகிரியிலும் நடந்தது இதுவே. காட்டுக்குத் தேய்மானம் எவரும் கழிக்கவில்லை. மூங்கிலின் குறைந்த விலையால் ஆலை அடைந்த ஆதாயத்தைக் கூடை முடைபவரும், மீன் பிடிப்பவரும், கடைமடை விவசாயியும் தம் கைப்பொருளிலிருந்து செலுத்தினர். அவர்களுக்கு ரசீது கொடுத்தவர் இல்லை.

சட்டம் வந்த வழி

அரசாங்கம் இப்பிழையை மெல்ல உணர்ந்தது. 1980-இல் வனப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1988-ஆம் ஆண்டின் தேசிய வனக் கொள்கை, மூலப்பொருளை ஆலைகள் விவசாயிகளுடன் நேரடித் தொடர்பு கொண்டு பெறவேண்டும் என்றும், சலுகை விலையில் காட்டுப் பொருள் தரும் வழக்கம் ஒழிய வேண்டும் என்றும் கூறியது. நிலம்பூர்க் கோவிலகத்தைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாடு, நீலகிரி மாவட்டத்துக் கூடலூர்க் காடுகள் வெட்டப்படுவதைக் கண்டு மனம் பொறாது 1995-இல் உச்சநீதிமன்றத்தை அணுகினார். அவ்வழக்கில் 1996 டிசம்பர் 12 அன்று பிறந்த ஆணை, அங்கீகரிக்கப்பட்ட செயல்திட்டமின்றி எக்காட்டிலும் மரம் வெட்டலாகாதென நாடு முழுவதையும் கட்டியது.

அவ்வாணையினால் காடுகள் பிழைத்தன. ஆனால் வடகிழக்கு மாநிலங்களில் ஒட்டுப்பலகை ஆலைகள் மூடப்பட்டு, கூலியாட்கள் வேலையிழந்தனர். தொழில் அளவோடு வளர்ந்திருந்தால் இத்தகைய திடீர் நிறுத்தம் நேர்ந்திராது. இன்று நம் நாட்டு விஸ்கோஸ் தொழிலுக்கு வேண்டும் கூழில் பெரும்பகுதி வெளிநாட்டுக் காடுகளிலிருந்தும் தோட்டங்களிலிருந்தும் வருகிறது. ஆதலின் முதியவரின் வினா தீர்ந்துவிடவில்லை. கடல் கடந்து சென்றிருக்கிறது.

கூட்டுறவு காட்டும் வழி

இவ்விஷயத்தில் நமக்கு நம்பிக்கை தரும் உதாரணங்களும் உள. பழைய பம்பாய் மாகாணத்தில், குத்தகைதாரர்களிடம் சிக்கி உழன்ற பழங்குடி மரம்வெட்டிகளுக்காக 1947 முதல் காட்டுத் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கங்கள் அமைக்கப்பட்டன. கூப்புகளில் வெட்டும் உரிமை குத்தகைதாரரிடமிருந்து அச்சங்கங்களுக்கு மாறியது.

அதனினும் சிறந்தது மகாராஷ்டிரத்தின் கட்சிரோலி மாவட்டத்தில் உள்ள மேண்டா என்னும் சிற்றூரின் அனுபவம். ஏறத்தாழ நூறு கோண்டுக் குடும்பங்கள் வாழும் ஊர் அது. ஊரார் அனைவரும் கூடி, அனைவரும் இசைந்த பின்னரே எதனையும் முடிவு செய்வது அவர்கள் வழக்கம். 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம், மூங்கிலைச் சிறு வனப்பொருளாகக் கொண்டு அதன் உரிமையைக் காட்டில் வாழ்வோர்க்கு அளித்தது. அச்சட்டப்படி 2009-இல் ஏறத்தாழ 1,800 ஹெக்டேர் காட்டின் மீது மேண்டா கிராம சபை சமுதாய உரிமை பெற்றது. 2011 ஏப்ரலில் மூங்கிலை வெளியே கொண்டுசெல்லும் அனுமதிச் சீட்டை வழங்கும் அதிகாரமும் அச்சபையின் கைக்கே வந்தது. தாமே வெட்டி, தாமே விலை பேசி விற்றனர். ஒருகாலத்தில் டன் ஒரு ரூபாய்க்குப் போன பொருள், உரியவர் கையில் வந்ததும் ஊருக்குக் கூலியும் பொது நிதியும் தரும் சொத்தாயிற்று. அடுத்த ஆண்டும் வெட்ட வேண்டும் என்ற எண்ணம் வெட்டுபவனுக்கே இருக்குமாயின், காட்டுக்கு அதைவிட நல்ல காவல் வேண்டா.

நாம் செய்யத்தக்கவை

நெசவாளர் சங்கங்கள் ரேயான், விஸ்கோஸ் நூல் கொள்முதல் செய்யும்போது, கூழ் எந்நாட்டிலிருந்து வந்தது, காட்டைக் கேடின்றிப் பேணியதற்குச் சான்று உண்டா, ஆலை தன் கந்தக வாயுவையும் கழிவுநீரையும் மீட்கிறதா என்று எழுத்து மூலம் கேட்கலாம். ஒரு சங்கம் கேட்டால் ஆலை செவிசாய்க்காது. பல சங்கங்கள் தங்கள் தலைமைச் சங்கத்தின் வாயிலாகக் கேட்டால் பதில் வந்தே தீரும். விடையைக் கொள்முதல் ஏட்டிலேயே ஒரு கட்டமிட்டுக் குறித்து வைப்பது நலம்.

விவசாய அங்கத்தினர்களுக்கு மரச் சாகுபடி வருவாய் தருவது உண்மையே; விளைநிலத்தில் வளரும் மரம் காட்டின் சுமையைக் குறைக்கவும் செய்கிறது. ஆயினும் ஊற்றுக்கண், ஓடைக்கரை, ஏரியின் நீர்ப்பிடிப்பு ஆகிய இடங்களில் யூகலிப்டஸ் நடலாகாது. வரப்போரங்களில் மூங்கிலும் மலைவேம்பும் வைக்கலாம். சொந்த நிலத்து மூங்கிலை மரமெனக் கருதி வனச் சட்டம் தடுத்து வந்த நிலை 2017-ஆம் ஆண்டின் திருத்தத்தால் நீங்கிவிட்டது. ஆலையுடன் ஒப்பந்தம் செய்பவர்கள் சில விதிகளை முன்னதாகவே படித்தறிய வேண்டும். எடை போடுவது வெட்டிய அன்றா, காய்ந்த பின்னரா? பட்டையுடனா, உரித்தா? வெட்டுக்கூலியும் லாரி வாடகையும் யார் பொறுப்பு? குறைந்தபட்ச விலை எழுதப்பட்டிருக்கிறதா? பச்சை மரம் சில நாட்களிலேயே எடை குறையும். அக்குறைவு எவர் தலையில் விழுகிறது என்பதில் ஓராண்டு இலாபமே அடங்கியிருக்கும். தனித்தனியே கையெழுத்திடாமல் சங்கத்தின் பெயரால் பேசி விற்பதே உசிதம்.

சென்ற மாதம் அதே சங்கத்துக்கு மீண்டும் சென்றிருந்தோம். நூல் விற்பனையாளருக்கு ஒரு கடிதம் எழுதியிருப்பதாகக் காரியதரிசி கூறி அதன் நகலைக் காட்டினார். விடை இன்னும் வரவில்லை. முதியவர் தறியிலிருந்தபடியே, "விடை வருகிற வரைக்கும் அந்தக் கட்டத்தை வெறுமையாக வைக்கச் சொல்லுங்கள், ஐயா, எங்கேயாவது போய்விட்டதென்று அடித்துவிடப் போகிறார்கள்" என்றார். தணிக்கைக் குறிப்பில் அதனையும் ஒரு நிலுவை இனமாக நாம் சேர்த்திருக்கிறோம்.